ஓட்டுக்கு மட்டும் உறுப்பினர்

கணவர் போன பிறகு டிக்கெட் அக்காவுக்கு மிஞ்சியது மூன்றாம் மாடி வீடும் அதற்குள் ஒரு கொழுந்தனும்தான். பஸ்ஸில் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவள் என்பதால் குடியிருப்பு முழுக்க அவளுக்கு அந்தப் பெயர். கொழுந்தனுக்குப் பக்கவாதம் வந்து வலக்கையும் வலக்காலும் விழுந்திருந்தன. மருத்துவமனையில் நிற்க வைத்து, நாலடி நடக்கவும் வைத்து அனுப்பினார்கள். தினமும் பயிற்சிக்குப் போகாவிட்டால் முட்டி மடங்கியபடியே இறுகிவிடும் என்றும் சொல்லியிருந்தார்கள்.

பயிற்சி நிலையம் தெருக்கோடியில்தான். இடைஞ்சல் இந்தக் குடியிருப்பின் படிக்கட்டுதான். அதில் ஒரு பக்கம் மட்டுமே கைப்பிடி. ஏறும்போது அது இடக்கைக்கு வரும், இறங்கும்போது வலக்கைக்கு. வலக்கை தொங்குகிறவன் எதைப் பிடித்து இறங்குவான்? பின்பக்கமாக இறங்கிப் பார்த்து ஒருமுறை உருண்டான். அதோடு வாசலைத் தாண்ட மறுத்துவிட்டான். சுவரோரம் இன்னொரு கைப்பிடிக் குழாய் அடித்தால் தீர்ந்தது. வெல்டிங்காரர் வந்து அளந்தும் விட்டார்.

குடியிருப்புக் கூட்டுறவுச் சங்கத்தின் செயலாளர் விடவில்லை. வங்கி அதிகாரியாக இருந்தவர். மூச்சுக்கு முந்நூறு விதி சொல்வார்.

"பொதுப் படிக்கட்டும்மா. உறுப்பினர்தான் விண்ணப்பம் தரணும். நீங்க இன்னும் உறுப்பினர் ஆகலையே."

"வாரிசா என்னைத்தானே சார் அவர் எழுதி வெச்சிருக்கார்? பெயர் மாத்துற கட்டணத்தையும் கட்டியாச்சு."

"அது சட்டம் சொல்ற கட்டணம். கட்டட நிதிக்கு நன்கொடைன்னு ஒண்ணு இருக்கு."

"நன்கொடைன்னா நானா குடுக்கிறது. நீங்க கேட்டு வாங்கினா அதுக்குப் பேரு வேற."

வளையலை விற்றால் கட்டிவிடலாம். அதையும் யோசித்தாள். கட்டிலில் இருந்தபடி கொழுந்தன்தான் தடுத்தான்.

"எங்கண்ணன் செத்ததுக்கு அபராதமா அண்ணி? கட்டாதீங்க."

கூட்டுறவுப் பதிவாளர் அலுவலகத்தில் மனு போட்டாள். விசாரணைக்குப் போன நாளெல்லாம் சங்கத்தின் வக்கீல் வாய்தா கேட்டார், கேட்ட வாய்தா கிடைத்தது. காகிதத்துக்கு அவசரம் ஏது? முட்டிக்கு அல்லவா அவசரம். வீட்டில் அவளே காலை நீட்டி மடக்கிவிட்டாள். அவளுக்கும் வயதாகிறது. அவன் வலியில் கத்தினால் பாதியில் விட்டுவிடுவாள். அப்படி விட்டது தவறுதான். ஆனால் அந்த வேலையை அவள் தலையில் கட்டியவர்கள் மாலையில் மொட்டை மாடியில் காற்று வாங்கிக்கொண்டிருந்தார்கள்.

இதற்கிடையில் சங்கத் தேர்தல் வந்தது. செயலாளரை எதிர்த்துத் தரைத்தளத்து மருந்துக்கடைக்காரர் நின்றார். போட்டி இழுபறி. தேர்தலன்று காலை செயலாளரே மூச்சிரைக்க மாடி ஏறி வந்தார்.

"அம்மா, கீழ வந்து ஒரு ஓட்டுப் போட்டுட்டுப் போங்க. பட்டியல்ல உங்க பேரைச் சேர்த்துட்டேன்."

"உறுப்பினர் இல்லைன்னீங்களே?"

"அதெல்லாம் அப்புறம் பேசிக்கலாம். வீடு உங்களுதுதானே?"

"போங்க அண்ணி," என்றான் கொழுந்தன். "ஏறி வந்தவருக்கு ஒரு வாய் தண்ணியும் குடுங்க. இன்னும் எத்தனை வீடு ஏறணுமோ."

அவள் போனாள், போட்டாள். யாருக்கு என்பது அவளுக்கும் பெட்டிக்கும்தான் தெரியும். செயலாளர் ஒரே ஒரு ஓட்டில் ஜெயித்தார்.

அடுத்த விசாரணையில் வக்கீல் பழைய பாட்டையே பாடினார். "மனுதாரர் உறுப்பினரே இல்லை. அதனால இந்த மனுவே செல்லாது."

தோற்றுப்போன மருந்துக்கடைக்காரர் வேடிக்கை பார்க்க வந்து பின்வரிசையில் உட்கார்ந்திருந்தார். எழுந்துவிட்டார்.

"அப்படின்னா தேர்தலும் செல்லாதுங்க. இந்தம்மா ஓட்டுப் போட்டாங்க. கூப்பிட்டுட்டு வந்ததே இந்தச் செயலாளர்தான். ஒரு ஓட்டுலதான் ஜெயிச்சிருக்கார்."

விசாரித்த பெண் அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார். "இவங்க உறுப்பினரா, இல்லையா? ஏதாவது ஒண்ணைச் சொல்லுங்க."

செயலாளர் வக்கீலைப் பார்த்தார். வக்கீல் மின்விசிறியைப் பார்த்தார். திருடனுக்குத் தேள் கொட்டினால் கத்தவா முடியும்?

"உறுப்பினர்தான்," என்றார் செயலாளர். நாற்காலியா நன்கொடையா என்று வந்தபோது நாற்காலியைப் பிடித்துக்கொண்டார்.

"அப்ப நன்கொடை?" என்றார் அதிகாரி.

பெயர் மாற்ற விண்ணப்பித்த நாளிலிருந்தே அவள் உறுப்பினர், மேற்கொண்டு எதுவும் கேட்கக் கூடாது என்று உத்தரவு வந்தது. அந்த உத்தரவை வைத்துக் குழாய்க்கு விண்ணப்பம் தந்தாள். வெல்டிங்காரர் ஒரே நாளில் சுவரோரம் குழாயை அடித்துவிட்டுப் போனார். ஒரு நாள் வேலை. அதற்கு இத்தனை காலம்.

கொழுந்தனின் முட்டி அதற்குள் இறுகிவிட்டிருந்தது. "அப்பவே வந்திருந்தா நிமிர்த்தியிருக்கலாம். இனி முழுசா வராது," என்றார் பயிற்சி கொடுப்பவர். இருந்தாலும் தினமும் கூட்டிவரச் சொன்னார். இருக்கும் அசைவாவது மிஞ்ச வேண்டும்.

மறுநாள் காலை அவள் கொழுந்தனை இறக்கிக் கூட்டிவர, இரண்டாம் மாடித் திருப்பத்தில் செயலாளர் எதிரே ஏறி வந்தார்.

"பார்த்தீங்களா, எல்லாம் நல்லபடியா முடிஞ்சுது," என்றார் சிரித்தபடி.

"குனிஞ்சு இவர் குதிகால் தரையில படுதான்னு பாருங்க சார். அப்புறம் சொல்லுங்க."

அவர் குனியவில்லை. நகரவும் இல்லை. ஏறி வந்த களைப்பில் புதுக் குழாயைப் பிடித்தபடி நின்றிருந்தார்.

"கையை எடுங்க," என்றாள் டிக்கெட் அக்கா. "இவர் பிடிக்கணும்."