சோதனைச் சாவடியில் ஓர் இந்தோனேசியப் பாட்டு

இன்று வெள்ளவத்தையில் பஸ்ஸை மறித்து எல்லோரையும் இறக்கினார்கள்.

என் பையிலிருந்து ஒரு சீடி வெளியே வந்தது. கப்பலில் வேலை செய்யும் அண்ணா ஜகார்த்தாவில் வாங்கி வந்தது. டங்டுட் என்று அங்கே தெருவெல்லாம் ஒலிக்கும் பாட்டுகள்.

"இது என்ன பாஷை?" என்று ஆமிக்காரர் சிங்களத்தில் கேட்டார். இந்தோனேசிய பாஷை என்றேன். நம்பவில்லை. என் அடையாள அட்டையை வாங்கி வைத்துக்கொண்டார்.

பக்கத்தில் நின்ற பொலிஸ்காரரைக் கூப்பிட்டார். அவர் மலே இனத்தவர்; முன்னோர் இந்தோனேசியப் பக்கமிருந்து வந்தவர்கள். அந்த சீடியிலிருந்து என் போனில் ஏற்றியிருந்த பாட்டொன்றைக் காதில் வைத்துக் கேட்டவர், மெல்லத் தலையாட்டத் தொடங்கினார்.

"தங்கச்சி, இது எங்கட வீட்டுப் பாஷை மாதிரித்தான். அர்த்தம் தெரியுமா?"

"தெரியாது. ஏதோ காதல் சோகம் எண்டு நினைச்சன்."

"இல்ல. மீன் வாங்கப் போன மனிசன் வெறுங்கையோட வந்திட்டான். பெண்சாதி ஏசுறா."

அதை அவர் சிங்களத்தில் சொல்ல, ஆமிக்காரரும் சிரித்துவிட்டு அட்டையைத் தந்தார்.

போன மாதம் தோழியின் கலியாண வீட்டில் நான் கண்கலங்கப் பாடியது இந்தப் பாட்டைத்தான்.

அர்த்தம் தெரியாமல் உருகிய பாட்டு உங்களுக்கும் இருந்தால் கீழே எழுதுங்கள். மாப்பிள்ளைக்கு மட்டும் ஒருவரும் சொல்லிவிடாதீர்கள்.