சிரிக்காமல் எழுந்து வந்தவன்

நான் செத்த கதையை நானேதான் எழுதினேன். தொலைக்காட்சித் தொடர்களில் அண்ணன், அப்பா, மாமனார் என்று படிப்படியாக வயதாகிக்கொண்டு வந்த நடிகன் நான். கடைசியாக நடித்த தொடரில் மூன்று பெண்களைப் பெற்ற தகப்பன் வேடம். குமணன்சாவடியைத் தாண்டி உள்ளே போனால் வருகிற ஒரு ஷூட்டிங் வீட்டில் படப்பிடிப்பு. வசனத் தாள் ஒரு நாளும் நேரத்துக்கு வராது. காத்திருந்து காத்திருந்து எரிச்சலாகி, என் வசனத்தை நானே எழுதிக்கொள்ள ஆரம்பித்தேன். பிறகு அடுத்தவர்களுக்கும் எழுதிக் கொடுத்தேன். எழுத்தாளர் வேறு தொடருக்குப் போனபோது, "கதையையும் நீங்களே பாத்துக்கங்க, தயாரிப்புலயும் எங்கூட நில்லுங்க" என்றார் தயாரிப்பாளர். தலைகால் புரியாத சந்தோஷம் எனக்கு.

ஆனால் எழுதி, தயாரித்து, நடிக்கவும் செய்ய ஒரு உடம்பு போதாது. தகப்பனை வெளிநாட்டுக்கு அனுப்பிவிடலாம் என்றேன். சேனலில் கதை கேட்கிற அம்மா ஒத்துக்கொள்ளவில்லை. "வெளிநாடு போனா அப்பப்ப போன் பண்ணணும் சார். செத்துட்டா தொல்லை இல்ல" என்றார். நியாயமாகத்தான் பட்டது. மாரடைப்பு எழுதினேன்.

எங்கள் யூனிட்டில் ஒரு பழக்கம் உண்டு. பிணமாகப் படுத்தவர் எழுந்ததும் பூசணிக்காய் சுற்றி உடைப்பார்கள். அது எல்லா இடத்திலும் செய்வதுதான். அதற்கு முன்னால், எழுந்தவர் மாலையைக் கழற்றிப் போட்டுவிட்டு, கேமராவைப் பார்த்து ஒரு சிரிப்பு சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடிப்பார்கள். எங்கேயும் ஒளிபரப்ப மாட்டார்கள். கேமரா கடைசியாகப் பார்த்தது பிணத்தை இல்லை, உயிருள்ள ஆளை என்று கணக்காகிவிடும், அவ்வளவுதான்.

நான் கூடத்தில் மூக்கில் பஞ்சோடு படுத்திருந்த அன்று, வெளியே வெயில் இறங்கிக்கொண்டிருந்தது. வாசலில் இன்னொரு காட்சி பாக்கி. கட் சொன்னதும் நடிகன் போய்த் தயாரிப்பாளன் எழுந்துவிட்டான். பஞ்சைப் பிடுங்கி எறிந்துவிட்டு வாசலுக்கு ஓடினேன். பூந்தமல்லிக்கார மேக்கப் பாய், பல வருஷமாக என் தலைக்கு நரை ஏற்றுகிறவர், பின்னாலேயே வந்தார்.

"அண்ணாத்தே, ஒரு சிரிப்பு சிரிச்சிட்டு போ."

"வெளிச்சம் போவுது பாய். அப்புறம் பாத்துக்கலாம்."

"இதுல இன்னா அப்புறம்?" என்றார் பாய்.

பூசணிக்காயை யாரோ உடைத்தார்கள். சிரிப்பு விட்டுப்போயிற்று.

மாட்டுவதற்கு ஒரு படம் வேண்டும் என்று ஆர்ட் டிபார்ட்மெண்டில் கேட்டார்கள். போனில் தேடினேன். வெள்ளானூரில் என் மச்சான் புது வீடு கட்டிக் குடிபோனபோது எடுத்த படம் கிடைத்தது. நானும் என் மனைவியும் பக்கத்தில் பக்கத்தில் நிற்கிறோம். அவள் ஏதோ சொல்ல, நான் வாய்விட்டுச் சிரிக்கிறேன். அவளை வெட்டிவிட்டு என்னை மட்டும் பெரிதாக்கினார்கள். ஓரத்தில் அவளுடைய பச்சைப் பட்டுப்புடவை ஒரு விரல் அகலத்துக்கு மிஞ்சி நின்றது. பிளாஸ்டிக் மாலை போட்டு, கண்ணாடியின் மேல் பொட்டு வைத்து, கீழே ஒரு சின்ன பல்பு எரியவிட்டுக் கூடத்தில் மாட்டினார்கள். இப்படிப்பட்ட படத்தைக் காட்சி முடிந்ததும் மாலையைக் கழற்றிச் சுவர்ப்பக்கம் திருப்பி வைப்பதுதான் முறை. எங்கள் தொடரில் அதற்கு வழியில்லாமல் போயிற்று. எந்தப் பக்கம் கேமரா வைத்தாலும் கூடம் தெரியும், கூடம் தெரிந்தால் நான் தெரிவேன்.

அன்றிலிருந்து என் ஆபீஸ் அந்தப் படத்துக்குக் கீழேதான். அங்கே உட்கார்ந்துதான் எழுதுவேன், நடிகர்களிடம் தேதி கேட்பேன், இட்லி சாப்பிடுவேன். ஆரம்பத்தில் எல்லோரும் கேலி பேசினார்கள். டீ கொண்டு வருகிறவர் முதல் டம்ளரைப் படத்துக்குக் காட்டிவிட்டு எனக்குத் தருவார். நானும் சிரித்தேன். கொஞ்ச நாளில் எனக்குப் பயமாக இருக்க ஆரம்பித்தது. பல்பு அணைந்திருந்தால் என் கை தானாகப் போய் அதைப் போட்டது. படத்தில் இருப்பவன் சிரித்துக்கொண்டே இருந்தான். சிரிக்காமல் எழுந்து வந்தவன் நான்.

மனைவியாக நடிக்கிற அம்மையார் அந்தப் படத்தைப் பார்த்துப் பேசி அழுகிற காட்சி ஒன்று எழுதினேன். ஜனங்களுக்குப் பிடித்துப்போயிற்று. சேனல் அம்மா, "வாரா வாரம் படத்தோட பேசட்டும் சார்" என்றார். செத்தவனிடம் ஒருத்தி வாரா வாரம் என்ன பேசுவாள்? எனக்குத் தெரிந்த மனைவி ஒருத்திதான். அவள் வீட்டில் பேசுவதை எடுத்துப் போட்டேன். வேளைக்குச் சாப்பிடவில்லை என்ற ஏச்சு, ஈரத்தலையோடு வெளியே போனதற்குக் கிடைத்த திட்டு, முட்டிவலிக்குத் தைலம் தேய்க்கச் சொன்னது எல்லாம் வசனமாகிப் போயிற்று.

எங்கள் வீடு திருவேற்காட்டில். ஒரு சாயங்காலம் நான் உள்ளே நுழைந்தபோது அவள் தொலைக்காட்சிக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தாள். மனசு பொங்கினால்தான் என்னை ஒருமையில் பேசுவாள்.

"அந்த படத்துல ஓரமா தெரியுதே, அது என் பொடவ."

"ஆமா."

"அவ பேசறது என் பேச்சு. உயிரோட கீற உங்கிட்ட சொன்னத எல்லாம், செத்தவங்கிட்ட சொல்ல வெச்சிட்டியே. இனிமே உங்கிட்ட நான் இன்னா பேசறது?"

சொன்னபடியே செய்தாள். வீட்டில் பேச்சு குறைந்தது. ஒரு வெள்ளிக்கிழமை இருவரும் அம்மன் கோயிலுக்குப் போனோம். வாசலில் பூக்கட்டுகிற அம்மா என்னை அடையாளம் கண்டுகொண்டு, என் மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதுவிட்டார். "மனச தேத்திக்கோமா. பொண்ணுங்கள நெனச்சிக்கோ" என்றார். எங்களுக்கு ஒரே பையன், ஓசூரில் வேலை பார்க்கிறான். நான் பக்கத்தில் ஒன்றரை ஆள் தண்டிக்கு நிற்கிறேன். அவரே சுதாரித்துக்கொண்டு, "ஐயோ, நாடகம்ல" என்று சிரித்தார். என் மனைவி சிரிக்கவில்லை. வாங்கின மல்லிகையைத் தலையில் வைக்காமல் கையிலேயே பிடித்துக்கொண்டு வந்தாள்.

வீட்டுக்கு வந்ததும், "எனக்கு பயமா கீது. அந்த படத்த கழட்டு. வேற எதும் கேக்கல" என்றாள்.

கழற்றுவதற்குக் கதையில் ஒரு காரணம் வேண்டும். வீட்டை விற்பதாக எழுதினேன், புயலில் படம் விழுந்து உடைவதாக எழுதினேன். இரண்டையும் சேனல் ஒத்துக்கொள்ளவில்லை. படம்தான் தொடரைத் தாங்குகிறது என்றார்கள். பிறகு பார்க்கிறவர்கள் குறையத் தொடங்கியதும், அவர்களே கூப்பிட்டு, "அப்பாவ உயிரோட கொண்டு வந்துடலாமா?" என்றார்கள். வீட்டுக்கு ஓடிவந்து சொன்னேன். பல நாளைக்குப் பிறகு அவள் முகத்தில் வெளிச்சத்தைப் பார்த்தேன். "வந்துடு. எப்டியாவது வந்துடு" என்றாள்.

கூடத்தில் கிடத்திச் சுடுகாட்டில் எரித்தது என்னைப்போலவே இருந்த வேறு ஒருவனை என்று எழுதினேன். சீரியலில் இதையெல்லாம் யாரும் கேட்க மாட்டார்கள். மறுநாள் சேனல் அம்மா போன் செய்தார். "உங்களுக்கு எழுதற வேலை இருக்கே சார். அதோட முகம் ரொம்ப வாடிப்போச்சு. வேற ஆள் பாத்திருக்கோம். விபத்துல முகம் மாறிட்டதா வெச்சுக்கலாம்." சரி என்றேன். செத்தவன் நான் இல்லை என்றாயிற்று. திரும்பி வந்தவனும் நான் இல்லை. 'இனி இவருக்குப் பதில் இவர்' என்ற வரியை அந்தப் படத்துக்குக் கீழே உட்கார்ந்து நானே டைப் செய்தேன்.

அவளிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அது ஒளிபரப்பான சாயங்காலம் தலைநிறைய மல்லிகை வைத்துக்கொண்டு தொலைக்காட்சிக்கு முன்னால் உட்கார்ந்தாள். கதவு திறந்தது. யாரோ ஒருவர் உள்ளே வந்தார். திரையின் அடியில் என் வரி ஓடியது. அவள் அதை எழுத்துக் கூட்டுகிறவள்போல மெதுவாகப் படித்தாள். எழுந்து போய் அடுப்பைப் பற்றவைத்தாள். "அந்த படத்த எட்த்துனு வா. அங்க இனிமே அதுக்கு வேலயில்ல" என்று மட்டும் சொன்னாள்.

மறுநாள் மேக்கப் பாய்தான் மாலையைக் கழற்றிப் பழைய பேப்பரில் சுற்றிக் கொடுத்தார். வீட்டில் அவள் அதை மேஜைமேல் வைத்து, ஈரத்துணியால் பொட்டைத் துடைத்தாள். ஓரத்திலிருந்த பச்சைக் கீற்றின் மேல் விரலை வைத்துப் பார்த்தாள். பிறகு என்னை ஜன்னல் பக்கம் நிற்கச் சொல்லிவிட்டுப் போனை எடுத்தாள். பிணமாகப் படுத்து எழுந்த அன்று சிரிப்பு விட்டுப்போனதைப் பாய் அவளிடம் எப்போதோ சொல்லியிருக்கிறார்.

"சிரி."

சிரித்தேன். போனைப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினாள்.

"இது நாடக சிரிப்பு. இன்னொரு தபா."

இன்னொரு முறை சிரித்தேன். அதுவும் சரியில்லை. மேஜைமேல் இருந்தவனைக் காட்டினாள்.

"இவன் எப்டி சிரிக்கிறான் பாரு. அன்னிக்கி நான் இன்னாமோ சொன்னேன், அதுக்குதான் இந்த சிரிப்பு. இன்னா சொன்னேன்?"

எவ்வளவு யோசித்தும் எனக்கு நினைவு வரவில்லை. அவளுக்கும் வரவில்லை. அவள் பேசியதையெல்லாம் எழுதித் தீர்த்தவன் நான், அந்த ஒன்று என்னிடம் இல்லை. அழுகை வந்தது.

அவள் போனை இறக்கவில்லை.

"நெனப்பு வர்ற வரிக்கும் அங்கியே நில்லு" என்றாள்.