அழித்து எடுத்த வாரங்கள்

பேனாவை மூடாமலே, நின்றவாக்கில் மஞ்சள் சீட்டில் கையெழுத்துப் போடும் அக்காதான் முதலில் கண்முன் வருகிறார். எங்கள் தொலைக்காட்சி நிலையத்தில் புது டேப் லேசில் கிடைக்காது. பழைய நிகழ்ச்சி ஒன்றை அழித்து, அதே டேப்பில்தான் அடுத்த வாரத்தை எடுக்க வேண்டும். எதை அழிக்கலாம் என்று அந்தந்த நிகழ்ச்சியின் இயக்குநரே மஞ்சள் சீட்டு எழுதித் தருவார். அழிப்பது எடிட்டரான என் வேலை.

குழந்தைகள் நிகழ்ச்சியை இருபது வருடம் எழுதி இயக்கியவர் அவர். எல்லோருக்கும் மேடம், தமிழ்க்காரன் என்பதால் எனக்கு மட்டும் அக்கா. தலைமுறைகளாகச் செகந்திராபாத்தில் இருக்கும் குடும்பம். பேச்சில் தெலுங்கு தண்ணீர்பட்ட பாடு, ஆனால் நிகழ்ச்சியின் தெலுங்கு வசனங்களைத் தமிழ் எழுத்தில்தான் எழுதி வைப்பார். “மந்திரி பேச்சை அழிக்க மாட்டாங்க. நம்ம முயலும் குரங்கும்தான் இளிச்சவாய்” என்று சிரிப்பார். வருத்தமாக இல்லையா என்றால், “அதெல்லாம் நக்கோப்பா, வேணாம். வர்ற வாரம் பிள்ளைங்களுக்கு வெறும் திரையையா காட்டுறது?” என்பார்.

ஒரு வாரம் முயலாக நடிக்க வேண்டிய குழந்தைக்குக் காய்ச்சல். அக்காவின் ஏழு வயது மகள் காது மாட்டிக்கொண்டு வந்து நின்றாள். வசனம் மறந்து, காமிராவைப் பார்த்து, “அம்மா, இப்போ நானா?” என்று கேட்டாள். அதை வெட்ட மனம் வராமல் அப்படியே விட்டோம். சில மாதம் கழித்து அந்த டேப்புக்கும் சீட்டு வந்தது. நான் தயங்கினேன். “நிஜமானவ வீட்டுல இருக்காளே” என்றார் அக்கா. அழித்தேன்.

பத்தொன்பது வயதில் அவள் மஞ்சள் காமாலையில் போய்விட்டாள். புகைப்படங்கள் இருக்கின்றன, குரல் இல்லை.

போவன்பள்ளியில் தனியாக இருக்கும் அக்கா, கொண்டாப்பூரில் மகன் வீட்டோடு இருக்கும் எனக்கு அடிக்கடி போன் செய்து, அந்த டேப் கிடைத்ததா என்று கேட்பார். கையெழுத்துப் போட்டதே அவருக்கு மறந்துவிட்டது. “தேடுறேன்க்கா” என்று வருடக்கணக்கில் புளுகினேன். கோழைத்தனம், வேறென்ன?

போன மாதம் நேரில் போய்ச் சொல்லிவிட்டேன். “அழிச்சது நான்தான்க்கா.”

“சீட்டு குடுத்தது நானாத்தானே இருக்கும்” என்றார் அக்கா. திட்டியிருந்தால் தேவலை. பிறகு, “அது மேல என்ன எடுத்தோம்?” என்று கேட்டார்.

காக்காய்க் கதையா, பட்டம் விடும் கதையா என்று மாற்றி மாற்றிச் சொல்லிப் பார்த்தோம். இருவருக்குமே ஞாபகம் வரவில்லை.