குன்வோர் முடித்து வைத்த படம்

குன்வோருக்கு வாய் பெரிது, குரல் அதைவிடப் பெரிது. எங்கள் தீவின் படகுத்துறையில் நின்று அவள் சிரித்தால் கடலுக்குள் இருப்பவன் திரும்பிப் பார்ப்பான். அந்தக் குரலைத் தூக்கிக்கொண்டு தலைநகர் ஒஸ்லோவுக்கு நடிக்கப் போனாள். அங்கே என்ன கொடுத்தார்கள்? வேலைக்காரி வேடம், பால்காரி வேடம், சாவு வீட்டில் அழும் கிழவி வேடம். முப்பது வருஷம்! அறுபதைத் தாண்டியதும் நாடகக் குழு ஒரு பூங்கொத்தைக் கொடுத்து, போய் ஓய்வெடுங்கள் என்றது. பூங்கொத்தை அந்த வாசலிலேயே வைத்துவிட்டு வந்தாள்.

ஓய்வாவது, மண்ணாவது! தனக்கென்று ஒரு நாடகம் எழுதினாள். மீன் வெட்டும் கொட்டகையில் ஏழு பெண்கள். ஏழு பேரும் இவளே. அதை ஆவணப்படமாக எடுக்கிறேன் என்று ஷூர் என்கிற ஒஸ்லோக்கார இளம் இயக்குநர் ஒருவன் கேமராவோடு வந்து சேர்ந்தான்.

முதல் மேடை சொந்த ஊரில்தான் என்று அடம்பிடித்தாள். ஞாயிறு மதியம் ஊர்க்கூடம் நிறைந்துவிட்டது. பெண்கள் கம்பளி நூலும் ஊசியுமாக முன்வரிசையில் உட்கார்ந்து பின்னிக்கொண்டே பார்த்தார்கள். குன்வோர் பாடினாள், கத்தினாள், வேர்த்து ஊற்றினாள். முடிந்ததும் அங்கங்கே நாலு கைதட்டல். எல்லோரும் காபியைக் குடித்துவிட்டுக் கிளம்பினார்கள். மீன்பிடிக்கிற ஆர்ன்ஃபின் மட்டும் கிட்டே வந்து, "மோசமில்ல" என்றான். அதற்கு மேல் ஒரு சொல் புகழ்ந்தாலும் அவனுக்கு நாக்குக் கூசும்.

காலி நாற்காலிகளுக்கு நடுவே, முகத்துச் சாயம் வழிய உட்கார்ந்திருந்தவளை ஷூர் படமெடுத்தான். அவனுக்கே கண் கலங்கிவிட்டது.

"மனச விட்றாதீங்க குன்வோர். சொந்த ஊர்க்காரங்களே இப்படிப் பண்ணா…"

"என்னடா பண்ணிட்டாங்க இப்போ? காலைல வீட்டுக்கு வா, காட்டுறேன்."

அவன் எங்கே வந்தான்? வேண்டியது கிடைத்துவிட்டதென்று விடிந்ததும் விமானம் ஏறிவிட்டான்.

குன்வோர் கதவைத் திறந்தாள். கைப்பிடியில் பை பையாக மீன்! புதுசாகப் பிடித்த காட் மீன், ஈரல், சினை. எங்கள் ஊரில் யாரும் வாயால் பாராட்ட மாட்டார்கள். மனசு நிறைந்தால் மீனைக் கொண்டுபோய்க் கதவில் மாட்டிவிட்டு, பூனை மாதிரி திரும்பிவிடுவார்கள். ராத்திரி உடுப்போடு வாசற்படியில் நின்று குன்வோர் ஓவென்று அழுதாள். மேடையில் அப்படி ஒருநாளும் அழுததில்லை.

உடனே ஷூரைப் போனில் பிடித்தாள். "இதையும் படத்துல சேருடா."

"காலி நாற்காலிதான் முடிவு. பாக்குறவங்க உருகிடுவாங்க."

"என்னைப் பாத்து ஒருத்தனும் உருக வேணாம்! முப்பது வருஷம் அழுகுற கிழவியா நடிச்சாச்சு. நிஜத்துலயும் நான் அவதானா?"

"இயக்குநர் நான்தானே, குன்வோர்?"

"வாழ்ந்தது நான்டா!"

அவன் மாற்றவில்லை. குதிரை கீழே தள்ளியது போதாதென்று குழியும் பறித்ததாம். ஒஸ்லோவில் படம் திரையிட்ட அன்று, காலி நாற்காலியோடு திரை இருண்டது. அரங்கெங்கும் மூக்கு உறிஞ்சும் சத்தம். விளக்கு எரிந்தது.

குன்வோர் ஒரு கனத்த பையோடு எழுந்து திரைக்கு முன்னால் ஏறினாள்.

"எல்லாரும் உக்காருங்க. இன்னும் முடியல. ஐயோ பாவம்னு அழுதவங்க மூக்கத் துடைங்க."

பைக்குள் கைவிட்டு முழு காட் மீன் ஒன்றைச் செவுளைப் பிடித்துத் தூக்கினாள். அப்புறம் அந்தக் காலையை நடித்தாள். ஆர்ன்ஃபின் நுனிக்காலில் வருகிறான். அதே கதவுக்கு இன்னொருத்தியும் பையோடு வருகிறாள். இருவரும் முட்டிக்கொண்டு, மீனை முதுகுக்குப் பின்னால் ஒளித்து, பனி பெய்வதைப் பற்றிப் பேசுகிறார்கள். அரங்கம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. கதவு திறந்து அவள் மீன்களைப் பார்க்கும் இடத்தில் மட்டும் ஊசி விழுந்தால் கேட்கும். ஷூர் கடைசி வரிசையில் முகம் சிவந்து நின்றுகொண்டிருந்தான்.

அதற்குப் பிறகு குன்வோர் இல்லாமல் அந்தப் படத்தை ஒரு அரங்கமும் கேட்கவில்லை. எந்த ஊருக்குப் படம் போனாலும் கூடவே அவளும் போய் முடித்துவைத்தாள்.

ஆனால் அது பிற்பாடு. திரையிட்டதற்கு மறுநாள் காலை, ஒஸ்லோவில் அவள் தங்கியிருந்த வீட்டின் கைப்பிடியில் ஒரு கடைப் பை தொங்கியது. குன்வோர் போனை எடுத்தாள்.

"டேய், இது உன் வேலைதானே? கல்லு மாதிரி உறைஞ்சு கெடக்கு!"

"எனக்குக் கடை மீன்தான் கெடைச்சுது," என்றான் ஷூர். "எப்படியிருக்கு?" என்று கேட்டான்.

குன்வோர் பையைத் தூக்கி ஒரு தடவை பார்த்தாள்.

"மோசமில்ல," என்றாள்.