முகமூடிக்குள் அவரே

எழுபதுகளின் பிற்பகுதியில் சிட்னியில் ஒரு தொலைக்காட்சி நிலையத்தின் ஒலிப் பிரிவில் நான் வேலை பார்த்தேன். ஒரு கோடை விடுமுறையில் யப்பானிலிருந்து ஒரு நடிகை எங்கள் நிலையத்துக்கு வந்தார். நாங்கள் பின்னேரங்களில் ஒளிபரப்பிய யப்பானிய வீரர் தொடரில் ஐந்து வீரர்களில் அவர்தான் ஒரே பெண். சிறுவர் நிகழ்ச்சியில் பிள்ளைகள் முன்னால் நேரடியாகத் தோன்றி, சாதாரணப் பெண்ணாக நின்று, புகைக்குள் மறைந்து, கவசமணிந்த வீராங்கனையாக வெளிவர வேண்டும். புகை என் பொறுப்பில்லை. இசை என் பொறுப்பு.

நான் அப்போது லிட்கம்மில் அண்ணன் வீட்டில் இருந்தேன். செய்தியைச் சொன்னதும் அண்ணனின் ஏழு வயது மகள், என் மருமகள், மேசையில் ஏறிவிட்டாள்.

"மாமி, ஃபோர் ரியல்? என்னையும் கூட்டிக்கொண்டு போவீங்களா?"

"முதல்ல கீழ இறங்கு" என்றார் அவளின் தாய், என் மச்சாள். "இவள் ரிவியில பார்த்தே ரண்டு கதிரையை உடைச்சுப்போட்டாள். நேரில பார்த்தாளெண்டால் வீடு மிஞ்சாது."

ஒத்திகைக்கு முதல் நாள் நடிகை ஒலி அறைக்கு வந்தார். ஆஸ்திரேலியரை மணந்து பல காலமாகச் சிட்னியில் வாழும் ஒரு யப்பானியப் பெண்மணி அவருக்கு மொழிபெயர்ப்பாளர். தேநீர் குடித்தபடியே, இதுவரை எதிலெல்லாம் நடித்திருக்கிறீர்கள் என்று கேட்டேன். அவர் விரல்களை மடித்து மடித்துச் சொன்னார். முதலில் சவர்க்கார விளம்பரம். பிறகு ஒரு குடும்பத் தொடரில் தேநீர் கொண்டுவரும் தங்கை. பிறகு வாள்வீரர் தொடர்களில் தேநீர்க்கடைப் பெண்.

"எல்லாவற்றிலும் தேநீரா?" என்றேன்.

"தேநீர் கொடுத்ததும் செத்துவிடுவேன். மூன்று தொடரில் செத்தேன். மூன்றிலும் ஒரே கிமோனோ."

அதன் பிறகு அரக்கர்கள் வரும் தொடர்கள். அங்கே அரக்கனைக் கண்டு அலறும் பத்திரிகைக்காரி. அவருடைய அலறல் நன்றாக இருந்ததால் அலறத் தேவையில்லாத வேடம் ஒன்றைக் கொடுத்தார்களாம். அதுதான் இந்த வீராங்கனை. ஆனால் அதிலும் கையை உயர்த்தி முழங்குவதோடு அவருடைய வேலை முடிந்துவிடும். அடுத்த காட்சியில் தலைக்கவசத்தோடு நின்று சண்டை போடுபவர் குள்ளமான ஒரு ஆண் சண்டைக் கலைஞர். அவரும் கூட வந்திருந்தார்.

"ஊருக்குப் போனால் இந்த வேடம் முடிகிறது. அடுத்தது அம்மா வேடம்" என்றார் நடிகை. கோப்பையைக் கீழே வைத்துவிட்டு மொழிபெயர்ப்பாளரிடம் மெதுவாக இன்னும் ஏதோ சொன்னார்.

"இத்தனை காலமும் பிள்ளைகள் கைதட்டியது இவரின் பெயருக்கும் அந்த மனிதரின் முதுகுக்குமாம்" என்றார் மொழிபெயர்ப்பாளர். "ஒரு தடவையாவது உள்ளே தானே இருக்கவேண்டும் என்கிறார்."

அது நடக்கக்கூடிய காரியமாக எனக்குத் தோன்றவில்லை. ஆனால் அன்று பின்னேரம் சண்டைக் கலைஞர் பொண்டாய் கடற்கரைக்குப் போனார். யப்பானிய வெயில் என்று நினைத்துக்கொண்டு மணலில் குப்புறப் படுத்துத் தூங்கிவிட்டார். மறுநாள் அவித்த நண்டு நிறத்தில் வந்து நின்றார். சட்டையே முதுகில் படக்கூடாது என்றார். ரப்பர் கவச உடையைப் பற்றிப் பேச்சே இல்லை.

"அப்படியானால் உருமாற்றம் இல்லை" என்றார் அவர்களுடைய மேலாளர். "சிரித்துக் கை காட்டினால் போதும்."

"நான் போட்டுக்கொள்கிறேன்" என்றார் நடிகை.

மேலாளரின் தயக்கத்திலும் நியாயம் இருந்தது. வழக்கமாகச் சண்டைக் கலைஞர் முன்கூட்டியே உடையணிந்து மேடையின் மறைப்புப் பலகைக்குப் பின்னால் தயாராக நிற்பார். நடிகை மறைய, இவர் குதிப்பார். அந்த அளவுக்குத்தான் இசை இருந்தது. ஒரே ஆள் மேலுடையைக் கழற்றி, கவச உடை, சப்பாத்து, தலைக்கவசம் எல்லாம் போட்டு முடிப்பதற்குள் இசை முடிந்து, நேரடி ஒளிபரப்பில் வெறும் மேடை தெரியும்.

"இசை முடிவதற்குள் வெளியே வந்தால் சம்மதம். இல்லாவிட்டால் இல்லை" என்றார் மேலாளர்.

ஒத்திகை பார்த்தோம். இசை முடிந்தபோது நடிகை ஒரு சப்பாத்தோடு நொண்டியபடி வந்தார். இன்னொரு தடவை பார்த்தோம். இரண்டு சப்பாத்தும் காலில் இருந்தன, தலைக்கவசம் கையில் இருந்தது. ஒலிநாடாவை வெட்டி ஒட்டி இசையை நீட்டித் தரலாமா என்று கேட்டேன். உரிமை வேறு கம்பனியிடம் இருக்கிறது, நாடாவில் கத்தி படக்கூடாது என்று ஒப்பந்தம் என்றார் மேலாளர். நடிகை தலைக்கவசத்தை மடியில் வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டார்.

அப்போதுதான் என் மேசைக்குக் கீழே கிடந்த பெட்டி நினைவுக்கு வந்தது. அவர்கள் ஒசாக்காவிலிருந்து தங்கள் நாடா இயந்திரத்தையும் கொண்டு வந்திருந்தார்கள். காலையில் அதை இங்கே மின்சாரத்தில் இணைத்ததும் வீர இசை சாவீட்டுப் பறைபோல இழுபட்டது. நாடா கெட்டுவிட்டதென்று எல்லோரும் பதறினார்கள். நாடாவில் பிழையில்லை. அந்த இயந்திரத்தின் மோட்டார் மின்சாரம் துடிக்கிற வேகத்தில் சுற்றுவது. அவர்கள் ஊரில் மின்சாரம் நொடிக்கு அறுபது தடவை துடிக்கும், இங்கே ஐம்பதுதான். மின்னழுத்தத்தைச் சரிசெய்ய மின்மாற்றி கொண்டு வந்தவர்கள் இதை யோசிக்கவில்லை. அதனால்தான் நாடாவை எங்கள் இயந்திரத்தில் போட்டிருந்தோம்.

இப்போது அந்தப் பெட்டியைத் திரும்ப மேசையில் ஏற்றினேன்.

"இதில் ஓடினால் இசை ஐந்தில் ஒரு பங்கு நீளும்" என்றேன். "நாடாவில் கத்தி படாது."

இசையைப் போட்டேன். முரசு கனத்த காலடிபோல விழுந்தது.

"பரவாயில்லையே" என்றார் மொழிபெயர்ப்பாளர். "இப்போதுதான் பெரிய ஆள் ஒன்று வரப்போகிறது போல இருக்கிறது."

கடைசி முழக்கத்தில் நடிகை வெளியே வந்தார். தலைக்கவசம் சற்றுக் கோணலாக இருந்தது. ஆனால் தலையில் இருந்தது.

"இசை இழுபடுவதை எங்கள் ஊர்ப் பிள்ளைகள் கண்டுபிடித்துவிடுவார்கள்" என்றார் மேலாளர். பிறகு, "இது எங்கள் ஊர் இல்லைத்தானே" என்று தனக்கே சொல்லிக்கொண்டார்.

நிகழ்ச்சி அன்று மச்சாளும் மருமகளும் இரண்டாவது வரிசையில் இருந்தார்கள். நடிகை வந்து, வணங்கி, கையை உயர்த்தி முழங்கினார். புகை எழுந்தது. நான் இசையை விட்டேன். என் இடத்திலிருந்து பலகையின் பின்பக்கம் தெரிந்தது. சண்டைக் கலைஞர் வெற்று முதுகோடு முழந்தாளிட்டு நடிகைக்குச் சப்பாத்து மாட்டிக்கொண்டிருந்தார். மொழிபெயர்ப்பாளர் உடையின் முதுகுப் பக்கத்து ஸிப்பை இழுத்தார். அது பாதியில் சிக்கியது. இழுத்தார், பல்லைக் கடித்துக்கொண்டு மறுபடி இழுத்தார். முரசு கடைசி அடிகளுக்கு வந்தது. ஸிப் மேலே போனது. நடிகை குதித்தார்.

பிள்ளைகள் போட்ட சத்தத்தில் ஒலிமானியின் முள் சிவப்பில் ஒட்டிக்கொண்டது.

அரக்கர்களாக எங்கள் நிலையத்துத் தச்சர்கள் இருவர் வந்தார்கள். சண்டைக் கலைஞராக இருந்தால் உதை உடம்பில் படுவதற்கு முன் கால் நின்றிருக்கும். நடிகைக்கு அது பழக்கமில்லை. முதல் அரக்கன் உண்மையாகவே உட்கார்ந்து முழங்காலைப் பிடித்துக்கொண்டான். இரண்டாவது அரக்கன் அதைப் பார்த்துவிட்டு, உதை கிடைப்பதற்கு முன்பே விழுந்தான்.

முடிந்ததும் பிள்ளைகள் கைகுலுக்க வரிசையில் நின்றார்கள். தலைக்கவசத்தைக் கழற்றக்கூடாது என்பது மேலாளரின் கட்டளை. மருமகளின் முறை வந்தபோது நானும் பக்கத்தில் நின்றேன். அவள் கையைக் கொடுக்கவில்லை. அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றாள்.

"என்ன பிள்ளை, கையைக் குடன்" என்றார் மச்சாள்.

"உள்ளுக்க ஆம்பிளை எண்டு ஸ்கூலில எல்லாரும் சொல்லுறாங்கள். அவைக்கு நான் என்ன சொல்லுறது?"

நான் அதை ஆங்கிலத்தில் சொன்னேன். மொழிபெயர்ப்பாளர் யப்பானிய மொழியில் சொன்னார். நடிகை மேலாளர் இருந்த பக்கம் திரும்பிப் பார்த்துவிட்டு, வலது கையுறையைப் பிடித்து இழுத்தார். வியர்வையில் அது எளிதில் வரவில்லை. மருமகளும் ஒரு நுனியைப் பிடித்து இழுத்தாள். கை வெளியே வந்தது. சிறிய கை, இளஞ்சிவப்பு நகப்பூச்சு.

மருமகள் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"மாமி, கேர்ள்தான்!" என்று பின்னால் நின்ற வரிசைக்கும் கேட்கும்படி கத்தினாள்.

தலைக்கவசம் குலுங்கியது. உள்ளே அவர் சிரிப்பது எங்களுக்குக் கேட்டது. கையுறையை மாட்டச் சொல்லி மேலாளர் கையை ஆட்டினார். நடிகை மற்றக் கையுறையையும் கழற்றி, இரண்டையும் இடுப்புப் பட்டியில் செருகிக்கொண்டு, அடுத்த பிள்ளைக்குக் கையை நீட்டினார்.