வலது கையில் நாலு பட்டை

கல்யாணம் வைகாசியில் என்று முடிவானதுமே ஆளாளுக்கு எனக்கு வைத்தியம் சொல்ல ஆரம்பித்துவிட்டார்கள். கடலைமாவு, கற்றாழை, தயிர், தக்காளி. கேட்டுக் கேட்டுக் காது புளித்துப்போனது. கருத்துப்போவதைப் பற்றி எனக்கு எந்தக் காலத்திலும் கவலை கிடையாது. ஆனால் என் தோல் வெயில் பட்டால் சிவந்து எரியும், நாலாம் நாள் உரியும். பத்திரிகை வைக்க ஸ்கூட்டரில் ஊர் ஊராகப் போக வேண்டும். அதை முடித்துவிட்டு, உரிந்த மூக்கோடு மணவறையில் உட்கார நான் தயாராக இல்லை.

திருப்பூரில் ஒரு சாயப்பட்டறை லேபில் வேலை செய்கிறேன். வாய் வார்த்தையை நம்பி ஒரு மீட்டர் துணியைக்கூட நாங்கள் வெளியே அனுப்ப மாட்டோம். சாயம் வெளுக்குமா என்று பார்க்க, துண்டுத் துணியில் பாதியை அட்டையால் மூடி, மீதியை விளக்கு வெளிச்சத்தில் வைப்போம். பிறகு இரண்டையும் ஒப்பிட்டுப் பார்த்தால் உண்மை தெரிந்துவிடும். துணிக்குச் செய்வதைத் தோலுக்குச் செய்தால் என்ன என்று தோன்றியது. தோன்றினால் விடுகிற ஆளா நான்!

கல்யாணத்துக்கு மூன்று வாரம் இருந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மொட்டைமாடிக்குப் போனேன். முன்கையில் ஒரு பட்டைக்கு பிளாஸ்திரி ஒட்டி மூடினேன். அடுத்ததில் மருந்துக்கடையில் வாங்கிய சன்ஸ்கிரீன். அதற்கடுத்து அம்மா சத்தியம் செய்து சிபாரிசு பண்ணிய எலுமிச்சை மஞ்சள் கலவை. கடைசிப் பட்டை வெறும் தோல். ஒன்றரை மணி நேரம் கையை நீட்டி உட்கார்ந்திருந்தேன். துணி காயப்போட வந்த அம்மா, "ஏங்கண்ணு, உனக்கென்ன கிறுக்கா புடிச்சிருக்குது?" என்று கேட்டுவிட்டுப் போனாள்.

முடிவு பளிச்சென்று தெரிந்தது. வெறும் தோல் சிவந்து, பிறகு கருத்தது. எலுமிச்சை பூசிய இடம் அதைவிட மோசம், கொப்புளமே வந்துவிட்டது. சன்ஸ்கிரீன் பூசிய பட்டை, மூடிவைத்த பட்டையைப் போலவே இருந்தது. எலுமிச்சையைத் தூக்கி எறிந்தேன். அன்றிலிருந்து வெளியே இறங்கும் முன் சன்ஸ்கிரீன், இரண்டு மணி நேரத்துக்கொரு தடவை மறுபடியும், முழங்கை தாண்டிய பருத்திச் சட்டை, தலையில் துப்பட்டா. பத்திரிகை வைத்து முடித்தபோது என் மூக்கு முழுசாக இருந்தது. ஜெயித்துவிட்டேன் என்று ஆடாத குறைதான்.

அம்மாதான் ஒரு நாள் என் கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தாள்.

"இதை எந்தக் கையிலடி பண்ணித் தொலைச்சே?"

எனக்கு இடது கைப் பழக்கம். அதனால் பூச வசதியாக வலது கையில் செய்திருந்தேன். தாரை வார்க்கும்போது சபை நடுவே மாப்பிள்ளை கையோடு சேர்த்துவைக்கிற கை அது. கருத்த தோலுக்கு நடுவே இரண்டு பட்டை வெளேரென்று கிடந்தன. பொண்ணுக்குத் தோலில் வெள்ளை விழுந்திருக்கிறது, மறைத்துவிட்டார்கள் என்று மாப்பிள்ளை வீட்டில் சொல்லிவிடுவார்கள் என அம்மா நடுங்கினாள். அப்படிச் சொல்லி நின்றுபோன கல்யாணத்தை அவள் கண்ணால் பார்த்திருக்கிறாள். வெள்ளை விழுந்தால்தான் என்ன, அவர்களெல்லாம் மனுஷர்கள் இல்லையா என்று கத்தினேன். முன்னாடியே சொல்லிவிடலாம் என்றேன். அம்மா அழுதாள். அதற்குமேல் என்னால் முடியவில்லை, மேக்கப் போட்டு மறைக்க ஒத்துக்கொண்டேன். இன்றைக்கும் அதை நினைத்தால் என்மேல் எனக்கே கோபம் வரும்.

கல்யாணத்தன்று மற்ற எல்லாம் நான் வைத்ததுதான் சட்டம். கோயிலிலிருந்து மண்டபத்துக்குக் குடை பிடித்து நடந்தேன். பட்டுச்சேலைக்குக் குடையா என்று சிரித்தார்கள், சிரித்துவிட்டுப் போகட்டும். சாப்பாடு முடிந்ததும் தென்னந்தோப்பில் படம் எடுக்கலாம் என்ற போட்டோக்காரரிடம், "நாலரைக்கு மேல வாங்கண்ணா, வெயில் தாழட்டும்" என்று சொல்லிவிட்டேன்.

மணவறையில் எங்கள் கைகளைச் சேர்த்துவைத்து அப்பா சொம்பிலிருந்து தண்ணீர் வார்த்தார். புறங்கையிலிருந்து முழங்கை வரைக்கும் தண்ணீர் வழிந்தது. அதோடு மேக்கப்பும் வழிந்தது.

"ஏனுங்க, பொண்ணு கையில வெள்ளை வெள்ளையா இருக்குதுங்களே?" மாப்பிள்ளை வீட்டுச் சொந்தக்காரப் பெண் ஒருவர் உரக்கவே கேட்டார்.

அப்பா சொம்பை நிமிர்த்திவிட்டார். அம்மாவின் முகம் வெளிறிப்போனது. தாலி இன்னும் தட்டில்தான் இருந்தது. எனக்கும் பயம்தான், பொய் சொல்வானேன். ஆனாலும் குரல் வந்தது.

"வெயில் பட்டதுங்க. எந்தப் பூச்சு தாங்குதுன்னு நானே என் கையில டெஸ்ட் பண்ணிப் பார்த்தேனுங்க. கருப்பாயிருக்கறதுதான் சுட்ட தோல். வெள்ளையாத் தெரியறது என் சொந்த நிறம்."

மாப்பிள்ளையின் அம்மா எழுந்து வந்தார். பனியன் கம்பெனியில் இருபது வருஷம், தைத்த துணியில் குறை பார்க்கிற செக்கிங்கில் இருந்தவர். என் கையை எடுத்துக் கட்டைவிரலால் பட்டையைத் தேய்த்தார். சாயம் ஒட்டுகிறதா என்று நாங்கள் துணியைத் தேய்ப்பதைப் போலவே, முந்தானை நுனியால் அழுத்தித் தேய்த்து, நுனியைத் தூக்கிப் பார்த்தார். மேக்கப் அப்பியிருந்தது.

"இதைப் பூசச் சொன்னது யாரு கண்ணு?"

"நாந்தானுங்க" என்றாள் அம்மா.

அவர் என் அம்மாவை ஏறிட்டுப் பார்த்தார். பிறகு என் கையில் மிச்சமிருந்ததையெல்லாம் முழங்கை வரைக்கும் துடைத்தெடுத்தார். நாலு பட்டையும் சபை பார்க்கக் கிடந்தன. தன் மகனின் கையை இழுத்து அதன்மேல் வைத்தார்.

"எங்க ஊட்டுக்கு வர்ற புள்ளைக்கு மூடாக்கு எதுக்குங்க? நீங்க தண்ணிய ஊத்துங்கண்ணா."