மூன்று தடவை பார்க்கும் மால்ட்பி

ஹேக்பி கிராமத்தில் கார் வைத்திருந்தவர்கள் எல்லோரும் ஆர்னால்ட் மால்ட்பியின் பட்டறை வாசலில் ஒரு நாளாவது பல்லைக் கடித்துக்கொண்டு நின்றவர்கள்தான். வேலை முடிந்திருக்கும். கந்தல் துணியில் கையைத் துடைத்துக்கொண்டு சாவியை நீட்டுவார். வாங்கப் போகும்போது "ஒரு நிமிஷம்" என்று சாவியை இழுத்துக்கொண்டு குனிந்து, நாலு சக்கரத்து நட்டுகளையும் மறுபடி முறுக்கிப் பார்ப்பார். மறுபடி சாவி நீளும், மறுபடி "ஒரு நிமிஷம்". மூன்றாவது தடவை பார்த்து முடித்த பிறகுதான் சாவி கைமாறும்.

பீட்ரூட் பயிரிடும் லீக் ஒருநாள் பொறுமை இழந்து சொன்னார்: "கல்யாணத்துக்குத்தான்யா சர்ச்சுல மூணு ஞாயித்துக்கிழமை பேரை வாசிச்சு ஆட்சேபம் உண்டான்னு கேப்பாங்க. என் டிராக்டருக்கு எதுக்கு?" அன்றிலிருந்து அவருக்கு ஊரில் மூன்று தடவை மால்ட்பி என்றே பெயர். அவர் கோபப்பட்டதில்லை, சிரித்ததும் இல்லை. குனிந்து நட்டைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

வீட்டில் நிலைமை இன்னும் மோசம். கல்யாணமான மறுநாள் மேபிள்தோர்ப் கடற்கரைக்குப் போகவேண்டிய பஸ்ஸை, சமையலறை கேஸ் குழாயை மூடினோமா என்று திரும்பிப் போய்ப் பார்த்ததில் தவறவிட்டார்கள். அவர் மனைவி டல்சி அன்று பெட்டி மேல் உட்கார்ந்தபடி, "பேசாம அந்தக் குழாயையே கட்டிக்கிட்டிருக்கலாம் நீ" என்றார். அதன் பிறகு நாற்பத்தாறு வருஷம், எங்கே கிளம்பினாலும் வாசலில் மழையிலும் பனியிலும் நின்று, உள்ளே பூட்டைச் சோதிக்கும் மனிதருக்காகக் காத்திருந்தார். நல்ல பெண்மணி. நானாக இருந்தால் நாலாவது வருஷமே பஸ்ஸில் ஏறிப் போயிருப்பேன்.

காரணம் யாருக்கும் தெரியாது, டல்சிக்கும் கூட. காரணம் இதுதான்: காலுறை அளவே உள்ள ஒரு கான்வாஸ் துணியைக் கழற்ற மறந்து, ஆறு பேரைத் தான் கொன்றுவிட்டதாக மால்ட்பி நம்பினார். இருபத்திரண்டு வயதில் தொடங்கிய நம்பிக்கை. எழுபத்திரண்டு வரை கூடவே வந்தது.

இப்போது லீக் பீட்ரூட் போடும் நிலம் முழுக்க அன்று போர்க்கால விமானதளம். ராத்திரியில் ஜெர்மனிக்குப் போய்க் குண்டு போட்டுவிட்டு வரும் லங்காஸ்டர் விமானங்கள் அங்கே நின்றன. அவற்றில் ஒன்றின் பெயர் குவீனி. அதன் இறக்கை, வால், சக்கரம், கண்ணாடி எல்லாம் மால்ட்பியின் பொறுப்பு. நாலு எஞ்சின்களை வேறு ஆட்கள் பார்த்தார்கள். பழைய பெட்டிப் பலகைகளால் மைதானத்தின் ஓரத்தில் அவர்களே கட்டிக்கொண்ட குடிசையில் டீ போட்டுக் குடித்துக்கொண்டு, விரல் விறைக்கும் குளிரில் வேலை பார்த்தார்கள்.

தரையில் வேலை பார்க்கிறவர்களுக்கு ஒரு நினைப்பு உண்டு. விமானம் தங்களுடையது, பறக்கிறவர்களுக்கு அதை ராத்திரிக்கு மட்டும் இரவல் கொடுக்கிறோம் என்று. மால்ட்பி அதை வாய்விட்டே சொல்வார். குவீனியை ஓட்டிய லயனல் பாஸ்கோவுக்கும் இருபத்திரண்டு வயதுதான். ஆனால் அதிகாரி. அவனிடம் ஒவ்வொரு சாயங்காலமும், "இரவல்தான் சார். கீறல் இல்லாம கொண்டாந்து விடணும்" என்பார். பாஸ்கோ அடக்கமாக, "உத்தரவு" என்பான். மற்ற ஆறு பேரும் சிரிப்பார்கள். கிளெம் ஹாடோ என்ற ஆஸ்திரேலியன், டாஸ்மேனியா தீவுக்காரன், வயர்லெஸ் பார்ப்பவன், எல்லோரையும்விடச் சத்தமாகச் சிரிப்பான்.

விமானத்தின் மூக்குக்குப் பக்கத்தில், இடப்புறம், ஒரு சின்னக் குழாய் நீட்டிக்கொண்டிருக்கும். அதில் புகும் காற்றை வைத்துத்தான் விமானத்தின் வேகத்தை முள் காட்டும். தூசியும் பூச்சியும் போகாமல் இருக்க, விமானம் தரையில் நிற்கும்போது அந்தக் குழாய்க்கு ஒரு கான்வாஸ் குல்லாய் மாட்டி வைப்பார்கள். கண்ணில் படுவதற்காக அதில் ஒரு முழம் சிவப்புத் துணி தொங்கும். புறப்படுவதற்கு முன்னால் அதைக் கழற்றி, தலைக்கு மேலே தூக்கிப் பாஸ்கோவுக்குக் காட்டிவிட்டு, கோட்டுப் பையில் திணித்துக்கொள்வது மால்ட்பியின் வேலை. கழற்ற மறந்தால் முள் அசையாது. எவ்வளவு வேகத்தில் போகிறோம் என்று தெரியாமல் அந்த இருட்டில் ஓட்டவேண்டும்.

முப்பது தடவை போய்வந்தால் ஓய்வு. பாஸ்கோவின் ஆட்கள் இருபத்தொன்பது முடித்திருந்தார்கள். அந்தத் தளத்தில் அந்த எண்ணிக்கையை எட்டியவர்கள் சொற்பப் பேர்தான்.

முப்பதாவது நாள் சாயங்காலம் மழை. புறப்பட ஒரு மணி நேரம் இருக்கும்போது இடது சக்கரத்து டயரில் கல் கிழித்திருப்பதை மால்ட்பி பார்த்தார். அத்தனை பேரும் சேர்ந்து டயரை மாற்றினார்கள். திட்டும் கத்தலுமாக வேலை முடிந்தபோது மற்ற விமானங்கள் ஓடுபாதையை நோக்கி நகர ஆரம்பித்திருந்தன. விமானத்தைப் பெற்றுக்கொண்டதாகப் பாஸ்கோ கையெழுத்துப் போட்டான், எல்லோரும் ஏறினார்கள், மால்ட்பி கதவருகே நின்று ஏணியை உள்ளே தூக்கிக் கொடுத்தார். குவீனி போனது. திரும்பி வரவில்லை.

மறுநாள் விடிந்ததும் மால்ட்பி, குவீனி வழக்கமாக நிற்கும், எண்ணெய்க் கறை படிந்த வெற்றுக் கான்க்ரீட் வட்டத்தில் நின்றார். குளிருக்குக் கோட்டுப் பையில் கையை விட்டார். குல்லாய் இல்லை. பையில் கிடந்த பெப்பர்மிண்ட் மிட்டாய்களும் இல்லை, ஆனால் மிட்டாயைப் பற்றி அவர் கவலைப்படவில்லை. குடிசையைத் தலைகீழாகப் புரட்டினார். டயர் மாற்றிய இடத்துப் புல்லை மண்டியிட்டுத் துழாவினார். கிடைக்கவில்லை. குல்லாய் கிழிந்துவிட்டது என்று கிடங்கில் பொய் சொல்லிப் புதிது வாங்கினார். இரண்டாம் நாள் புதிய விமானம் வந்தது, அதற்கும் குவீனி என்றே பெயர் வைத்தார்கள்.

கழற்றியது போலத்தான் நினைவு. குல்லாயின் ஈரம் விரலில் பட்டது கூட நினைவிருந்தது. ஆனால் அது அன்றைக்கா, அதற்கு முந்தின நாளா? இருபத்தொன்பது தடவை செய்த காரியத்தை முப்பதாவது தடவையும் செய்தோமா என்று யாரால் அடித்துச் சொல்ல முடியும்?

போர் முடிந்து கைதிகள் திரும்பிய பிறகு, கிளெம் ஒருவன்தான் பாராசூட்டில் குதித்துப் பிழைத்தான் என்று தெரிந்தது. குவீனி கூட்டத்தைவிட்டுப் பின்தங்கித் தனியாக வந்தபோது எதிரி விமானம் சுட்டு வீழ்த்தியதாகவும் சொன்னார்கள். பின்தங்கித் தனியாக. மால்ட்பிக்கு அது போதுமானதாக இருந்தது. முள் அசையாத விமானம் பின்தங்காமல் என்ன செய்யும்? வேறொரு நாளாக இருந்தால் பாஸ்கோ பாதியில் திரும்பியிருப்பான். அது முப்பதாவது. திரும்பினால் மறுபடி ஒரு முப்பதாவது போகவேண்டும். இந்தக் கணக்கைப் போட்டுப் போட்டு ஒவ்வொரு தடவையும் ஒரே விடைக்கு வந்து சேர்ந்தார்.

நினைவுக்கல் நட்டபோது போகவில்லை. பழைய ஆட்களின் கூட்டத்துக்கு அழைப்பு வந்தால் அடுப்பில் போட்டார். கோடையில் இன்னும் பறக்கிற ஒரு லங்காஸ்டர் கிராமத்தின் மேலே போகும்போது ஊரே அண்ணாந்து இறக்கையைப் பார்க்கும். மால்ட்பி மூக்கின் இடப்பக்கத்தைத்தான் பார்ப்பார்.

தொண்ணூற்று நான்காம் வருஷம் தப்பிக்க முடியாமல் போயிற்று. அந்த செப்டம்பரில் பழைய ஆட்களின் கூட்டத்தை ஹேக்பி கிராம மண்டபத்திலேயே வைத்துவிட்டார்கள். டீ கொடுக்கும் பொறுப்பு டல்சியின் தலையில் விழுந்தது. யாருடைய வண்டிக்கோ பிரேக் பார்க்கவேண்டும் என்று மால்ட்பி நழுவப் பார்த்தார். டல்சி விடவில்லை. "அந்த வண்டிக்காரன் கதவைத் தட்டி, நாளைக்கு வந்தா போதும்னு சொல்லிட்டேன். கோட்டைப் போடு" என்றார்.

மண்டபத்தில் சுவரோரமாக ஒரு நாற்காலியைப் பிடித்துக்கொண்டு, தட்டில் உலர்பழ ரொட்டியும் சீஸுமாக மால்ட்பி உட்கார்ந்திருந்தார். சற்று நேரத்தில் டல்சி ஒரு பெரிய கிழவரைக் கையைப் பிடித்துக் கூட்டி வந்தார். காதில் கருவி, கையில் தடி. "ஆர்னால்ட், இவர் குவீனியில போனவராம். ஆஸ்திரேலியாவுலேர்ந்து வந்திருக்கார்" என்று சொல்லிவிட்டு டீ ஊற்றப் போய்விட்டார்.

அந்தக் கிழவர் கிளெம். மால்ட்பியை உற்றுப் பார்த்தார். "நீதானே அந்த இரவல்காரன்?" என்றார். மால்ட்பிக்கு எழுந்து ஓடவேண்டும் போலிருந்தது. ஐம்பது வருஷமாக எதிர்பார்த்த கேள்வி இப்போது வரும் என்று நினைத்தார். கிளெம் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, திருடிப் பிடிபட்ட பையனைப் போல இளித்தார்.

"யோவ், உன்கிட்ட ஒண்ணு ஒத்துக்கணும். உன் குல்லாயைத் திருடினது நான்தான்."

கிளெம் குஷியாகச் சொல்லிக்கொண்டு போனார். எப்போதும் இரவல், இரவல் என்கிறானே, இவனிடமிருந்து எதையாவது கிளப்பிக்கொண்டு போகவேண்டும் என்று எல்லோருமாகச் சேர்ந்து திட்டம் போட்டார்களாம். முப்பதாவதை முடித்துத் திரும்பி வந்து, பீர் வாங்கிக் கொடுத்தால்தான் குல்லாயைத் தருவது என்று பேச்சு. மால்ட்பி ஏணியைத் தூக்கியபோது கோட்டுப் பைக்கு வெளியே சிவப்புத் துணி தொங்கியதாம். கிளெம் கதவிலிருந்து குனிந்து ஒரே இழுப்பு.

"எப்ப?" என்றார் மால்ட்பி. "கழட்டினதுக்கு அப்புறமா?"

"கழட்டாம எப்படிய்யா உன் பாக்கெட்டுக்கு வரும்?"

"முள்ளு? வேகம் காட்டுற முள்ளு?"

"அதுக்கென்ன, நல்லாத்தான் ஆடிச்சு. குண்டு போடற இடத்துல கீழேர்ந்து சுட்டதுல ஒரு எஞ்சின் போச்சு. அதான் பின்னாடி தங்கிட்டோம். உன் குல்லாய் என் மேசைக்கு மேல தொங்கிட்டே வந்துச்சு. உள்ள ரெண்டு பெப்பர்மிண்ட் ஒட்டிக்கிட்டிருந்துச்சு, நானும் பாஸ்கோவும் ஆளுக்கு ஒண்ணு தின்னோம்."

மால்ட்பி தட்டைக் கீழே வைத்தார். "இன்னொரு தடவை சொல்லு" என்றார். கிளெம் சிரித்துக்கொண்டே ஏணி, சிவப்புத் துணி, மிட்டாய் என்று மறுபடி சொன்னார். "இன்னொரு தடவை" என்றார் மால்ட்பி. மூன்றாவது தடவை சொல்லும்போது கிளெமின் முகத்தில் சிரிப்பு இல்லை. பாதியில் நிறுத்திவிட்டு, "நீ என்னன்னு நினைச்சுக்கிட்டிருந்தே?" என்று கேட்டார்.

மால்ட்பி சொன்னார். ஐம்பது வருஷத்தில் முதல் தடவையாக வாயால் சொன்னபோது நாலே வாக்கியத்தில் முடிந்துவிட்டது. சொல்லி முடித்ததும் அவருக்குப் பயங்கரமாகக் கோபம் வந்தது.

"ஒரு கடுதாசி போட்டிருக்கலாமேய்யா."

"ஆறு பேர் எரிஞ்சு செத்துட்டாங்க, ஆர்னால்ட். பாஸ்கோ அம்மாவுக்கு ஒரு கடுதாசி எழுதவே எனக்கு ரெண்டு வருஷம் ஆச்சு. திருட்டுக் குல்லாயைப் பத்தி யாருக்கு எழுதத் தோணும்?"

கிளெம் தன் பெரிய கையை அவர் தோளில் வைத்தார். மால்ட்பி அழுதார். தான் கொன்றவர்களாகவே ஐம்பது வருஷம் நினைத்திருந்ததால், செத்துப்போன சிநேகிதர்களாக நினைத்து அந்த ஆறு பேருக்காக அவர் அதுவரை அழுததே இல்லை. முக்கியமாகப் பாஸ்கோவுக்காக அழுதார். டீப் பாத்திரத்தோடு வந்த டல்சி, அதைப் பார்த்துவிட்டு வந்த வழியே திரும்பிப் போனார்.

மூன்று மணிக்கு லங்காஸ்டர் வந்தது. எல்லோரும் வெளியே போய் நின்றார்கள். கிளெம் தடியை ஊன்றிக்கொண்டு தொப்பியைக் கழற்றினார். மால்ட்பி அண்ணாந்து முழு விமானத்தையும் பார்த்தார். வால் மறையும் வரை பார்த்துவிட்டு, வால் பக்கம் பெயிண்ட் கொஞ்சம் உரிந்திருக்கிறது, யாராவது கவனிக்கவேண்டும் என்றார்.

வீட்டுக்கு வரும் வழியில் காரை ஓட்டிக்கொண்டே டல்சியிடம் எல்லாவற்றையும் சொன்னார். டல்சி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். ஒரு மைல் போன பிறகு, "மேபிள்தோர்ப் பஸ்ஸும் இதுக்குத்தானா?" என்றார். மால்ட்பி ஆமாம் என்றார். "என்கிட்ட சொல்லியிருக்கலாம், முட்டாளே" என்று சொல்லிவிட்டு, அவர் கை கியரில் இருந்தபோதே அதைப் பிடித்துக்கொண்டார்.

வாசலில் காரை நிறுத்தியதும் மால்ட்பி இறங்கி நேரே வீட்டுக்குள் போனார். டல்சி வழக்கம்போல மிச்ச ரொட்டித் தட்டோடு கார் பக்கத்திலேயே நின்றார். அவர் திரும்பி வந்து கார்க் கதவை இழுத்துப் பார்ப்பார், மூன்று தடவை, அதற்குள் தட்டைக் கீழே வைப்பதா வேண்டாமா என்பது நாற்பத்தாறு வருஷத்துக் கேள்வி. மால்ட்பி வரவில்லை. உள்ளே கெட்டிலில் தண்ணீர் பிடிக்கும் சத்தம் கேட்டது.

டல்சி தட்டைக் காரின் மேல் வைத்துவிட்டு, ஓட்டுகிறவர் பக்கத்துக் கதவை இழுத்தார். திறந்துகொண்டது. சாவி காரிலேயே தொங்கிக்கொண்டிருந்தது.

சாவியை எடுத்துக் கதவைப் பூட்டினார். ஒரு தடவை இழுத்துப் பார்த்தார். உள்ளேயிருந்து மால்ட்பி, "டல்சி, அங்க என்ன பண்றே?" என்று குரல் கொடுத்தார்.

"ஒண்ணுமில்ல, வர்றேன்" என்று சொல்லிவிட்டு டல்சி சாவியைத் தன் கோட்டுப் பையில் போட்டுக்கொண்டார்.